கடலில் இழுபடுகிற அந்த ஆள்

போன வைகாசியில் வற்றாப்பளைப் பொங்கலுக்கென்று லண்டனில் இருந்து வந்த மருமகன், சூட்கேசைத் திறந்து மாமிக்கு வாசனைச் சவர்க்காரம், பிள்ளைகளுக்குச் சொக்லேட் என்று எடுத்துக் கொடுத்துவிட்டு, கடைசியில் செங்கல் கனத்தில் ஒரு பெட்டியை என் பக்கம் நீட்டினான். "மாமா, உங்கட கராட்டிக்காரன் இதுக்குள்ள இருக்கிறார்" என்றான். ஐந்து ஜப்பானியப் படங்கள் அடங்கிய பெட்டி. வெள்ளி இரவுகளில் கடைக்கதவைப் பாதி இழுத்துவிட்டு ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். இரண்டு படங்களை மூன்று தடவை பார்த்தாயிற்று. தொடங்கியது கராட்டிக்காரனுக்காக. இப்போது பெட்டியைத் திறப்பது வேறொரு ஆளுக்காக.

கராட்டிக்காரன் யாரென்று முதலில் சொல்லிவிடுகிறேன். 1997 இல் நாங்கள் கிளிநொச்சியில் இருந்து இடம்பெயர்ந்து மல்லாவியில் இருந்தோம். அங்கே ஒரு கிடுகுக் கொட்டிலில் மினி தியேட்டர் நடத்தினேன். தியேட்டர் என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். ஒரு ரீவி, ஒரு டெக், ஒரு சின்ன ஜெனறேற்றர், பத்து வாங்கு. பெற்றோலுக்கு எங்கே போவது? ஒரு மூடி பெற்றோலில் ஸ்டார்ட் பண்ணி மண்ணெண்ணெயில் ஓட்டுவோம். கிடங்கு வெட்டி ஜெனறேற்றரை இறக்கி மேலே தகரம் போட்டு மூடினாலும் படத்தில் கதைப்பது பாதிதான் கேட்கும். தமிழ்ப் படத்துக்கு அது பரவாயில்லை, சனத்துக்கு வசனம் பாடம். இங்கிலிஷ் கசெற் என்றால் நான் ரீவிக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல வேண்டும். எனக்கும் இங்கிலிஷ் அரைகுறை. ஆட்களின் முகத்தைப் பார்த்து நானே கதை கட்டுவேன். ஜப்பானிலும் ஊமைப்படக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆட்கள் இருந்தார்களாம், பென்ஷி என்று பெயராம். மருமகன் சொன்னபோது எனக்குக் கொஞ்சம் பெருமையாகத்தான் இருந்தது. அப்போது கையில் இருந்த நாலைந்து கசெற்றுகளில் ஒன்று சொனி சிபா நடித்த கராட்டிப் படம். கொப்பிக்குக் கொப்பி அடித்துத் தலைப்பக்கம் எப்போதும் ஒரு கோடு ஓடும். குறைந்தது நாற்பது தடவையாவது போட்டிருப்பேன்.

அந்த டெக்கையும் ரீவியையும் 2009 இல் தறப்பாளில் சுற்றிப் புதுக்குடியிருப்பில் ஒரு தென்னைக்குக் கீழே புதைத்துவிட்டு வந்தேன். திரும்பிப் போனபோது தென்னையையே காணவில்லை. இப்போது பரந்தன் பக்கம் ரீவி, ஃபான், றைஸ்குக்கர் திருத்துகிற கடை வைத்திருக்கிறேன். சரி, பெட்டிக்கு வருவோம்.

உள்ளே இருப்பவை கின்ஜி ஃபுகசாக்கு 1973, 1974 ஆகிய இரண்டே வருடங்களில் தோயெய் கம்பனிக்கு எடுத்த ஐந்து படங்கள். ஒவ்வொன்றும் 100 நிமிடத்துக்கு முன்னே பின்னே. ஜப்பானியப் பெயரைச் சொன்னால் மிருதங்கக்காரர் சொல்லுகிற சொற்கட்டு மாதிரி இருக்கும்: ஜிங்கி நகி ததகாய். நெறிமுறை இல்லாத சண்டை என்று பொருள். ஹிரோஷிமாவிலும் பக்கத்தில் இருக்கிற குரே துறைமுகத்திலும் உலகப் போருக்குப் பிறகு தலையெடுத்த யாக்குசா என்கிற ரவுடிக் கும்பல்கள் இருபது வருடத்துக்கு மேலாக ஒன்றையொன்று தின்ற கதை. கட்டுக்கதை இல்லை. குரேயில் கும்பல் தலைவனாக இருந்த ஒருவர் சிறையில் இருந்து எழுதிய குறிப்புகளை வைத்துக் கொயிச்சி ஈபொஷி என்ற பத்திரிகையாளர் தொடர் எழுதினார். அதை வைத்து முதல் நான்கு படங்களுக்கும் கசுவோ கசஹாரா திரைக்கதை எழுதினார்.

முதல் படம் அணுகுண்டின் புகைக்காளானைக் காட்டிவிட்டு நேரே 1946 இல் குரேயின் கள்ளச்சந்தைக்குள் இறங்குகிறது. தகரக் கொட்டில், சனநெரிசல், கையில் கிடைத்ததை விற்கிற ஆட்கள், நடுவில் அமெரிக்கச் சிப்பாய்கள். கமெராவைத் தூக்கிக்கொண்டு ஒருவர் அந்தச் சனத்துக்குள் விழுந்தடித்து ஓடுகிற மாதிரி எல்லாம் ஆடுகிறது. என் மனைவி தேத்தண்ணி கொண்டுவந்தவள் பத்து நிமிடம் நின்று பார்த்தாள். "இது எங்கட சந்தைதானே" என்றாள். பற்றரி ஒன்று, சவர்க்காரம் அரைக்கட்டி, மண்ணெண்ணெய் கால் போத்தல் என்று சாக்கு விரித்து வைத்து விற்ற காலம் அவளுக்கும் தெரியும். பிறகு முதலாவது கை வெட்டு விழுந்ததும் எழும்பிப் போய்விட்டாள். அதற்குப் பிறகு பெட்டிப் பக்கம் வரவேயில்லை.

ஃபுகசாக்கு 15 வயதில் ஆயுதத் தொழிற்சாலையில் வேலைக்கு விடப்பட்டவர். குண்டு விழுந்த பிறகு கூட வேலை செய்த பிள்ளைகளின் உடல்களைப் பொறுக்கி எடுத்தவர்களில் அவரும் ஒருவர். இதை அறிந்த பிறகு பார்த்தால், இந்தப் படங்களில் ஒருத்தன்கூட அழகாகச் சாகாதது ஏனென்று விளங்கும். துவக்கை நீட்டுகிறவனுக்கும் கை நடுங்குகிறது. சுட்டுவிட்டுத் தானே கத்துகிறான். குத்து வாங்கியவன் லேசில் விழமாட்டான், கதவையும் கதிரையையும் பிடித்து இழுத்து ஊரைக் கூட்டிவிட்டுத்தான் விழுவான். எங்கள் தமிழ்ப் படங்களில் ஒரு அடிக்குப் பத்துப் பேர் பறப்பதைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு முதலில் இது கொஞ்சம் அசிங்கமாகத் தெரியும். பொறுத்துப் பாருங்கள்.

ஒருத்தன் செத்ததும் படம் அப்படியே உறைந்து நிற்கும். பெயரும் செத்த திகதியும் எழுத்தில் விழும். கடையில் வேலை பழகுகிற பெடியன், சந்தியில் கட்டுகிற கண்ணீர் அஞ்சலிப் பதாகை மாதிரி இருக்கிறது என்று சொன்னான். எங்களோடு இருந்து பார்ப்பவர் பக்கத்துச் சைக்கிள் கடை அண்ணை. "திகதி தெரிஞ்ச சாவு. குடுத்து வைச்சவங்கள்" என்றார். அன்றைக்கு அதற்கு மேல் யாரும் கதைக்கவில்லை. படம் ஓடி முடிந்தது.

அடுத்த கிழமைகளில் வேறு பிரச்சினை வந்தது. "என்னண்ணை, செத்தவன் திரும்பி வாறான்?" என்று பெடியன் கத்தினான். உண்மைதான். ஹிரோகி மட்சுகட்டா முதல் படத்தில் விளையாட்டுச் சாமான் கடைக்குள் சுடப்பட்டுச் சாகிறார். நான்காம் படத்தில் நோய்க்காரனாக, வேறு பெயரில் வந்து நிற்கிறார். ஐந்தாம் படத்தில் இன்னொரு ஆள். டட்சுவோ உமெமியா முதல் படத்தில் செத்து, மூன்றில் புருவத்தை வழித்துக்கொண்டு வேறு ஆளாக வருகிறார். இரண்டாம் படத்தின் நாயகன் கின்யா கிடவோஜி அதன் முடிவில் தன்னைத்தானே சுட்டுச் சாகிறார், ஐந்தாம் படத்தில் கோட்டும் சூட்டும் போட்ட தலைவனாக வருகிறார். இதைவிடக் கூத்து ஒன்று இருக்கிறது. எங்கள் கராட்டிக்காரன் இரண்டாம் படத்தில் ஒட்டொமோ என்ற வெறியனாக வருகிறார். அவர் சாகவில்லை. ஐந்தாம் படத்தில் அதே ஒட்டொமோ வருகிறான், ஆனால் ஆள் மாறிவிட்டது: ஜோ ஷிஷிடோ. கன்னத்தைச் சத்திரசிகிச்சை செய்து பெருப்பித்துக்கொண்ட நடிகர் அவர், பார்த்தால் மறக்கமாட்டீர்கள். ஆக, செத்தவன் வேறு ஆளாக வருகிறான், சாகாதவன் வேறு முகத்தோடு வருகிறான்.

பெடியனுக்குத்தான் குழப்பம். எனக்கும் அண்ணைக்கும் இல்லை. காத்தவராயன் கூத்தில் ஒரே காத்தவராயனை விடியும் வரைக்கும் சின்னக் காத்தான், பெரிய காத்தான் என்று எத்தனை பேர் ஆடுகிறார்கள்? யாராவது எழும்பி நின்று 'இவன் ஆர்?' என்று கேட்டதுண்டா?

இப்படி முகங்களை எண்ணப் போய்த்தான் அந்த ஆளைப் பிடித்தேன்.

இரண்டாம் படத்தில் வருகிறார். சிபாவின் ஆட்கள் எதிர்க்கும்பல் ஆள் ஒருத்தனைப் பிடித்து, கையைக் கட்டி, மோட்டார் படகுக்குப் பின்னால் கயிற்றில் போட்டுக் கடலில் இழுத்துக்கொண்டு போகிறார்கள். பிறகு மரத்தில் தூக்கிக் கட்டிவிட்டுக் குறிபார்த்துச் சுட்டுப் பழகுகிறார்கள். அவ்வளவுதான் அவருக்கு. கதைக்கு அவர் தேவையே இல்லை. சிபா எவ்வளவு மோசமானவன் என்று காட்ட ஒரு உடம்பு வேண்டும், அந்த உடம்பு அவர். சாதாரணமாக இந்த மாதிரிக் காட்சியில் நான் சிபாவைத்தான் பார்ப்பேன். அன்றைக்குப் பார்க்க முடியவில்லை. தண்ணீருக்குள் போய்ப் போய் வெளியே வருகிற அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அது நடிக்கிற முகமாகத் தெரியவில்லை.

றிமோட்டை எடுத்துப் பின்னுக்கு இழுத்தேன். ரீவி திருத்துகிறவனுக்கு இது ஒரு பழக்கம், எங்கே ஒட்டு இருக்கிறது என்று தேடுவோம். சினிமாவில் இப்படிப்பட்ட இடத்தில் ஒரு வெட்டு இருக்கும்: தூரத்தில் இழுபடுவது ஸ்டண்ட் ஆள், கிட்டத்தில் முகம் காட்டுவது நடிகன், நடுவில் ஒரு ஒட்டு. படம் படமாக நகர்த்திப் பார்த்தேன். கயிறு விறைத்து நிற்கிறது. அலை முகத்தில் அடிக்கிறது. வாயை மூட நேரம் கிடைக்காமல் தண்ணீரை விழுங்குகிறார். இழுபடுவதும் முகம் காட்டுவதும் ஒரே ஆள். மாற்று ஆள் வைக்காமல் அவரே இறங்கினார் என்று பிறகு அறிந்தேன். வலைக்குப் போகிறவர்களுக்குத் தெரியும், ஓடுகிற படகுக்குப் பின்னால் கயிற்றைப் பிடித்துக்கொண்டு இருப்பது என்றால் என்னவென்று. இவருக்குக் கை வேறு கட்டி.

பெயர் டகுசோ கவதானி. 1941 இல் மஞ்சூரியாவில் பிறந்து, ஜப்பானின் கொச்சியில் வளர்ந்தவர். தோயெய் கம்பனியின் கியோட்டோ ஸ்ரூடியோவில் 'பெரிய அறை' நடிகராக இருந்தார். நட்சத்திரங்களுக்குத் தனித்தனி அறை. மற்ற எல்லோருக்கும் சேர்த்து ஒரு பெரிய அறை. அங்கேயே உடுப்பு மாற்றி, அங்கேயே காத்திருந்து, கூப்பிட்டால் போய்ச் செத்துவிட்டு வர வேண்டும். வாள் சண்டைப் படமென்றால் வெட்டு வாங்கி விழுவது, யாக்குசாப் படமென்றால் சூடு வாங்கி விழுவது. பத்து வருடத்துக்கு மேல் இதுதான் அவர் வேலை. அதே ஸ்ரூடியோவில் செய்சோ ஃபுகுமோட்டோ என்று இன்னொருவர் இருந்தார். ஐம்பதாயிரம் தடவை செத்தவர் என்றே அவரைச் சொல்வார்கள். ரொம் குரூஸ் நடித்த சாமுராய் படத்தில் கிட்டத்தட்ட வாயே திறக்காமல் கூடவே நடக்கிற கிழவர் அவர்தான். அவருக்கு முதல் கதாநாயகன் வேடம் கிடைத்தபோது வயது எழுபது. அப்படிப்பட்ட அறை அது.

கவதானிக்கு அவ்வளவு காலம் காத்திருக்க வேண்டி வரவில்லை. கடலில் இழுபட்டது அவரைத் தூக்கிவிட்டது. அதே 1973 இல் வந்த மூன்றாம் படத்தில் பெயருள்ள ஆளாக, நாயகனின் சொந்தக் கும்பலுக்குள்ளேயே இருக்கிறார். பெட்டியில் எனக்கு மிகப் பிடித்த படமும் அதுதான். நாயகன் புன்டா சுகவாரா குரேயில் பழைய இரும்புக் கடை வைத்திருக்கிறார். கவதானி அங்கே கையாள். சொந்தத் தலைவனிடமே கைவைக்கிற ஆள். பிடிபட்ட பிறகு, யாக்குசா முறைப்படி சுண்டு விரல் கொடுப்பது போதாதென்று கையையே வெட்டிக் கொடுக்கிறான். அதன் பிறகு அந்த ஒற்றைக்கையோடு படம் முழுக்க அலைகிறார் பாருங்கள், அதுதான் நடிப்பு. வீரமும் இல்லை, வெட்கமும் இல்லை. கொடுத்த கைக்கு யாரும் மதிப்பு வைக்கவில்லை என்கிற குறைதான் முகத்தில். கடைசியில் அவன் செய்கிற துரோகத்தால் ஒரு இளம் பெடியன் சாகிறான். அந்தப் பெடியனாக வருகிறவர் ட்சுனெஹிகோ வடாசெ. அவன் எலும்பை அள்ளி வைத்த கலசத்தை வைத்துத்தான் படத்தை முடிக்கிறார்கள். சுகவாரா அந்த எலும்பைக் கையில் இறுக்கிப் பிடிக்கிற இடத்தில் சைக்கிள் கடை அண்ணை வெளியே போய் நின்று சுருட்டுப் பற்றவைத்தார்.

எனக்கு இந்த ஆளைப் பார்க்கும்போதெல்லாம் என் சித்தப்பாவின் நினைவு வரும். முள்ளியவளைப் பக்கம் கோவலன் கூத்தில் அவர் வருடா வருடம் சேவகன். ஒரு முறையாவது கோவலன் ஆட வேண்டுமென்று ஆசை. குரல் ஒத்துவராது என்று அண்ணாவியார் விடவில்லை. பாண்டியன் கொலுவில் மரவாளோடு விடியும் வரைக்கும் நிற்க வேண்டும், பாட்டு என்று பார்த்தால் இரண்டு அடி. சித்தப்பா என்ன செய்வார் தெரியுமா? பாண்டியன் கட்டளை போட்டதும் உடனே அசையமாட்டார். இடுப்புச் சால்வையை அவிழ்த்து, உதறி, திரும்ப இறுக்கிக் கட்டுவார். பிறகுதான் நடப்பார். கொல்லப் போகிறவர்கள் கொஞ்சம் நேரம் எடுப்பார்கள் என்பதைப் போல. அந்த இடத்துக்காகவே நித்திரை முழித்து இருந்த கிழவிகள் உண்டு. கோவலன் ஆடியவர்களின் பெயர் எனக்கு இப்போது ஒன்றுகூட நினைவில் இல்லை.

கவதானியிடமும் அந்த மாதிரி ஒன்று இருக்கிறது. கும்பல் கூடி இருக்கும்போது தலைவன் ஏதாவது பகிடி விட்டால், இவர் உடனே சிரிக்கமாட்டார் என்று எனக்குத் தோன்றும். முதலில் பக்கத்தில் இருப்பவன் முகத்தைப் பார்ப்பார். சிரிக்கலாம் என்று உறுதியான பிறகு எல்லோரையும்விடப் பெரிதாகச் சிரிப்பார். பயத்திலேயே வாழ்ந்த மனிதன் சிரிக்கிற சிரிப்பு. அதை நாங்கள் அடையாளம் கண்டுபிடிக்க அதிக நேரம் எடுக்கவில்லை.

பெட்டியில் இல்லாத ஒன்றையும் சொல்ல வேண்டும். 1975 இல் அதே ஃபுகசாக்கு, அதே கசஹாரா, அதே சுகவாரா சேர்ந்து பொலிசும் யாக்குசாவும் ஒரே குட்டையில் ஊறிய மட்டை என்று காட்டுகிற ஒரு படம் எடுத்தார்கள். மருமகன் திரும்பிப் போவதற்கு முன் தன் மடிக்கணினியில் போட்டுக் காட்டினான். அதில் விசாரணை அறைக்குள் கவதானியை உடுப்பைக் கழற்றி வைத்துச் சுகவாராவும் ஷிங்கோ யமஷிரோவும் அடிக்கிற அடி இருக்கிறதே, ஒலியைக் குறைத்துவிட்டேன். கடைக்கு வெளியே போகிறவர்கள் என்ன நினைப்பார்கள். எதிர்த்து நிற்பதில் தொடங்கி, கெஞ்சி, அழுது, கடைசியில் அடித்தவனையே அண்டிப் போகிற மட்டும் ஒரு மனிதன் உடைவதை அந்த ஒரே அறைக்குள் காட்டிவிடுகிறார். கதாநாயகன் செய்ய முடியாத வேலை இது. கதாநாயகனுக்கு உடைய அனுமதி இல்லை.

அந்த வருடத்தில்தான் பெரிய அறை நடிகர்கள் சேர்ந்து 'பிரான்ஹா படை' என்று ஒரு கூட்டம் அமைத்தார்கள். பிரான்ஹா தெரியும்தானே, கூட்டமாக வந்து கடிக்கிற மீன். கவதானி, ஹிடெயோ முரோட்டா, புருவமே இல்லாத மசாரு ஷிகா எல்லாம் அதில். பெயரில்லாமல் செத்தவர்கள் பெயரோடு சேர்ந்து நின்றதும் சனத்துக்குப் பிடித்துப்போனது. 1977 இல் இசைத்தட்டுக்கூட வெளியிட்டார்கள். அதற்கு முந்திய வருடம் கவதானி ஒரு படத்தில் கதாநாயகனாகவே நடித்துவிட்டார். ரீவி நாடகங்களிலும் வந்தார். இதையெல்லாம்விட எனக்குச் சிரிப்பு வந்தது நூடில்ஸ் விளம்பரம்தான். நிசின் கம்பனியின் டொன்பெய் என்ற கோப்பை உடொனுக்கு அவரும் யமஷிரோவும் சேர்ந்து விளம்பரம் செய்தார்கள். விசாரணை அறையில் வைத்து அடித்தவரும் அடி வாங்கியவரும் ஒரே நூடில்ஸ் விற்கிறார்கள். ஜப்பானில் ஊர்ச் சனத்துக்கு அவரைத் தெரிந்தது அதனால்தான் என்றால் ஆச்சரியமில்லை. 1995 மார்கழி 22 ஆம் திகதி நுரையீரல் புற்றுநோயில் செத்தார். 54 வயது.

இன்னொரு ஆளைச் சொல்லாமல் விட்டால் பாவம். யமமொரி என்ற தலைவனாக ஐந்து படத்திலும் வருகிற நொபுவோ கனேகோ. காரியம் ஆக வேண்டுமென்றால் அழுவார், காரியம் முடிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு கணக்குப் பார்ப்பார். இந்த மனிதர் பிற்காலத்தில் ரீவியில் சமையல் நிகழ்ச்சி நடத்தினாராம். எங்கள் ஊரில் இந்த யமமொரியை எந்தக் கூட்டத்திலும் பார்க்கலாம். எந்தக் கூட்டம் என்று நான் சொல்லப் போவதில்லை.

இனி பெட்டியின் குறைகள். முதலாவது, வலயப் பூட்டு. புளூரே சீடிகள் உலகத்தை மூன்று வலயமாகப் பிரித்து வைத்திருக்கின்றன. அமெரிக்கா, ஜப்பான் பக்கம் ஏ, ஐரோப்பா பி, நாங்களும் இந்தியாவும் சி. இந்தப் பெட்டி ஏ, பி வலயங்களுக்கு. இங்கே வாங்கிய பிளேயரில் போட்டால் கறுப்புத் திரையில் ஒரு அறிவிப்பு வந்து நிற்கும். நான் முதல் நாள் பிளேயர்தான் பழுது என்று நினைத்து மூடியைக் கழற்றி லென்ஸ் எல்லாம் துடைத்தேன், நாற்பது வருடத் தொழில்காரன்! நல்ல காலம், பெட்டிக்குள் சாதாரண டிவிடியும் இருந்தது. கடையில் கிடந்த பழைய சீன பிளேயர் வலயம் கிலயம் ஒன்றும் பார்க்காது, எதைப் போட்டாலும் ஓட்டும். வாங்க நினைப்பவர்கள் இதை முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, சப்டைட்டில். இங்கிலிஷில் மட்டும்தான். படத்தில் ஒவ்வொரு புது ஆளும் வரும்போது ஜப்பானிய எழுத்தில் பெயரும் பதவியும் விழும். அதற்கு மேலே இங்கிலிஷில் அதே விபரம். கீழே ஆட்கள் கதைப்பதற்கு இன்னொரு வரி. எல்லாம் இரண்டு மூன்று விநாடிக்குள். எழுத்தை வாசித்தால் முகத்தைக் காணவில்லை, முகத்தைப் பார்த்தால் எழுத்துப் போய்விட்டது. கடைசியில் பில் புத்தகத்தின் பின்பக்கத்தில் எந்தக் கும்பல், யார் தலைவன், யார் யாருக்குத் தம்பி முறை என்று கோடு போட்டு எழுதி வைத்துக்கொண்டோம். மூன்றாம் படம் முடியும்போது அது கரண்ட் வயரிங் படம் மாதிரி ஆகிவிட்டது. ஒரு தடவை அதே தாளில் ஒருத்தருக்குப் பில் எழுதிக் கொடுத்தும்விட்டேன். பின்பக்கத்தில் ஹிரோஷிமாக் கும்பல்களோடு அவர் ஃபானைத் தூக்கிக்கொண்டு போனார்.

ஆட்கள் கதைப்பது ஹிரோஷிமா வட்டார வழக்காம். கேட்கும்போதே தெரிகிறது, ஏதோ கரடுமுரடாக, இழுத்து முடிக்கிற பேச்சு. இங்கிலிஷ் வரியில் எல்லோரும் ஒரே மாதிரித்தான் கதைக்கிறார்கள். எங்கள் கதையை மதுரைத் தமிழில் டப் பண்ணினால் எப்படி இருக்கும், அப்படி.

பெண்களுக்கு இந்தப் படங்களில் பெரிதாக வேலை இல்லை, அதையும் சொல்ல வேண்டும். ஐந்தாம் படம் கொஞ்சம் இழுவை. திரைக்கதை எழுதியவரும் மாறிவிட்டார், கதையும் முடியவேண்டிய இடத்தைத் தாண்டிப் போகிறது. நான்காம் படத்தின் கடைசியிலேயே, குளிருக்குள் நடுங்கிக்கொண்டு இரண்டு எதிரிகள் ஒரு கட்டடத்தின் நடைகூடத்தில் பக்கத்துப் பக்கத்தில் இருந்து கதைக்கிறார்கள். இத்தனை பேர் செத்து ஒன்றும் மிஞ்சவில்லை என்று இரண்டு பேருக்கும் தெரிகிறது. அங்கேயே எழும்பி வீட்டுக்குப் போயிருக்கலாம்.

கராட்டிக்காரனைப் பற்றியும் ஒரு வார்த்தை. சிபா இரண்டாம் படத்தில் கராட்டி ஒன்றும் காட்டவில்லை. கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, கண்ட இடத்தில் சொறிந்துகொண்டு, வாயைத் திறந்தால் தூஷணம். முதலில் அந்த வேடம் கிடவோஜிக்குத்தான் கொடுக்கப்பட்டதாம். அவர் இது தனக்குச் சரிவராதென்று சொல்ல, இரண்டு பேரும் வேடத்தை மாற்றிக்கொண்டார்களாம். நல்ல வேலை செய்தார்கள். மல்லாவியில் என் கொட்டிலில் சிபாவுக்கு விசிலடித்த பெடியள் இதைப் பார்த்திருந்தால் வாங்கை உடைத்திருப்பார்கள்.

விலை என்னவென்று மருமகன் சொல்லவில்லை. கேட்டும் பார்த்தேன், "உங்களுக்கு ஏன் மாமா" என்றுவிட்டான். அதனால் காசுக்குத் தகுமா என்று என்னால் சொல்ல முடியாது. ஆறுதலாகப் பார்க்கிற பொறுமை இருப்பவர்களுக்கு நல்ல பெட்டி. ஒரே இரவில் ஐந்தையும் போட்டு முடிக்க நினைப்பவர்களுக்குத் தலையிடி. வாங்கினால், முதல் தடவை கதைக்காகப் பாருங்கள். இரண்டாம் தடவை சுகவாராவை விட்டுவிட்டு, அவருக்குப் பின்னால் நிற்கிறவர்களை மட்டும் பாருங்கள்.

இரவல் கேட்பவர்களுக்கு: ஒன்றும் நான்கும் தருவேன், இரண்டு நாளில் திருப்பித் தர வேண்டும். ஐந்தை வேண்டுமானால் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது கடைக்கு வந்தால் என் முன்னால் இருந்து பார்க்கலாம், வெளியே போகாது. மூன்றாவது சைக்கிள் கடை அண்ணையிடம் போய் இரண்டு கிழமை. கேட்டால் சீடி ஸ்ரக் ஆகிவிட்டது, பிளேயருக்குள் இருக்கிறது என்கிறார். அந்த பிளேயரைப் போன மாதம் திருத்திக் கொடுத்ததே நான்தான்.